மறதியா, மௌனமா

ஜனவரி 9

அக்காவுக்கு,

நலமா என்று தொடங்கினால் போலியாக இருக்கிறது. நலமாக இருந்தாலும் என்னிடம் சொல்ல மாட்டாய். அதனால் நேராக விஷயத்துக்கு வருகிறேன். நேராக வருவது எனக்கு எவ்வளவு கஷ்டம் என்று உனக்குத் தெரியும்.

போன் எண்ணை மாற்றிவிட்டாய். மாற்றாவிட்டாலும் போனில் எனக்குப் பேச வராது. அம்மாவுக்கு நீ அனுப்பிய அட்டையின் ஓரத்தில் முகவரி இருந்தது. அம்மா அதைத் தையல் மிஷின் டிராயரில் பாபின்களோடு போட்டு வைத்திருந்தாள். கேட்டுத்தான் எடுத்தேன். "எழுது. ஆனா பழைய சண்டையைக் கிளறாதே" என்றாள்.

நம் நாடகக் கூடம் கையைவிட்டுப் போகப்போகிறது. இந்த மார்ச்சோடு குத்தகை முடிகிறது. நகராட்சியிடம் டைல்ஸ் கடைக்காரர் அதைக் கிடங்காகக் கேட்கிறார். போன வாரம் ஆட்களோடு வந்து டேப் பிடித்து அளந்தார். "மேடையை இடிச்சிட்டா லாரி நேரா உள்ளே வந்துடும்" என்று எங்களை வைத்துக்கொண்டே சொன்னார். அப்பா ஏணிமேல் நின்று விளக்கு மாட்டிக்கொண்டிருந்தார். இறங்கி வெளியே போய்விட்டார். விளக்கு அரைகுறையாகத் தொங்கிக்கொண்டிருந்தது.

இதில் வேடிக்கை என்னவென்றால், அதே வாரம் நகராட்சி "உள்ளூர்க் கலைஞர்களை ஆதரிப்போம்" என்று ஒரு பேனர் அடித்து நம் கூடத்து வாசலுக்குக் குறுக்கே கட்டியது. தாழக் கட்டிவிட்டார்கள். உள்ளே போக வேண்டுமானால் ஆதரவுக்குக் கீழே குனிந்துதான் போக வேண்டும். ஒல்லி அண்ணன் கண்டக்டர் பையோடு வந்தவர் அதைப் பார்த்து நின்று, "ஆதரவு பலமாத்தான் இருக்கு. ஆள் நுழையத்தான் வழியில்ல" என்றார்.

மருந்துக்கடை மாமா கடையை அடைத்துவிட்டு நகராட்சிக்குப் போய் நாள் முழுக்க உட்கார்ந்து பேசினார். கடைசியில் தலைவர் இறங்கி வந்தார். மார்ச் 22 அன்று உறுப்பினர்கள் எல்லோரும் நம் நாடகம் பார்க்க வருகிறார்கள். பார்த்துவிட்டு, கூடம் நமக்கா கிடங்குக்கா என்று முடிவு செய்வார்கள்.

'ஓடக்காரி'யைத்தான் போட வேண்டும் என்கிறார் மாமா. அந்த வேஷம் உன்னுடையது. நர்ஸ் அக்காவை வைத்து ஒத்திகை பார்த்தோம். பாவம், அவர் அழ வேண்டிய இடத்தில் எல்லாம் நோயாளிக்குத் தைரியம் சொல்வதுபோலப் பேசுகிறார். "அவ இல்லாம ஓடக்காரி போட்டா ஓடம்தான் மிச்சம்" என்றார் மாமா.

நீங்களே அவளுக்கு எழுதலாமே மாமா என்று கேட்டேன். "அவ நாக்குக்கு எங்கிட்ட மருந்து இல்ல. நீ தங்கச்சி, உன்னை என்ன செஞ்சிடுவா" என்றார்.

நீ என்ன செய்வாய் என்று அவருக்குத் தெரியாது.

வருவாயா? அந்த ஒரு நாளுக்கு மட்டும்.

பூனை

பி.கு.: தெருவில் இன்னமும் என்னை "இவரை" என்றுதான் கூப்பிடுகிறார்கள். பால் வாங்கப் போனால்கூட, "இவரை வந்தாச்சு, வழி விடுங்க" என்கிறார்கள்.


ஜனவரி 17

பூனைக்கு,

"இவரை" என்று கூப்பிடுகிறார்களா? கூப்பிடட்டும். நீ சம்பாதித்த பட்டம் அது.

அன்று நடந்தது உனக்கு மறந்திருந்தால் நான் சொல்கிறேன். அது என் வாயால் ஒரு முறையாவது உன் காதில் விழ வேண்டும். அன்று ராத்திரியே கிளம்பி வந்துவிட்டதால் சொல்லவில்லை.

கோர்ட்டுக் காட்சி. நீதிபதி வேஷத்தில் மாமா. கூண்டில் ஒல்லி, என் புருஷனாக. போலீஸ் தேடும் ஆள் அவன்தான் என்று நான் ஒப்புக்கொண்டால் அவனுக்குத் தூக்கு. "இந்த ஆளை உனக்குத் தெரியுமா?" என்று மாமா கேட்கிறார். ஓடக்காரி சொல்ல வேண்டியது ஒரே ஒரு வரி. "இவரை நான் பார்த்ததே இல்லை."

எப்போதும் கேட்ட உடனே சொல்லிவிடுவேன். அன்று சொல்லத் தோன்றவில்லை. கட்டின புருஷனைத் தெரியாது என்று சொல்லப்போகிறவளுக்கு உடனே வாய் வருமா? நின்றேன். கூடத்தில் ஒரு தும்மல்கூட இல்லை. நகரத்திலிருந்து ஆள் தேர்வு செய்ய வந்திருந்த அந்த டைரக்டர் முன்வரிசையில் முன்னால் சாய்ந்து உட்கார்ந்தார். அதை நான் பார்த்தேன். என் ஆயுசில் ஒரு கூட்டம் முழுவதும் என் ஒரு மூச்சில் தொங்கிக்கொண்டு நின்றது அன்றைக்குத்தான்.

அப்போது மேடைத் தரையில், வரி எடுத்துக் கொடுக்க நீ உட்காரும் குழியிலிருந்து ஒரு குரல். "இவரை."

ரகசியமாகக்கூட இல்லை. முன்வரிசைக்கே கேட்டது. நான் வாய் திறக்கவில்லை என்றதும் இன்னும் உரக்க, "இவரை!"

ஒருவன் சிரித்தான். பிறகு பெஞ்சு பெஞ்சாகச் சிரித்தார்கள். பின்னாலிருந்து யாரோ, "சொல்லும்மா, இவரை" என்றான். டைரக்டர் பின்னால் சாய்ந்து கடிகாரத்தைப் பார்த்தார். அதற்குப் பிறகு நான் அந்த வரியைச் சொன்னேன். சொன்னதுபோலவா இருந்தது? நீ தட்டில் போட்டதை எடுத்துக்கொண்டதுபோல இருந்தது.

யாருக்கு மறதி, யாருக்கு மௌனம் என்று தெரியாதவளுக்கு அந்தக் குழியில் என்ன வேலை?

இங்கே பெரிய நாடகக் கம்பெனியில் சேர்ந்திருக்கிறேன். மார்ச் முழுக்க வேலை. வர முடியாது. மாமாவிடம் சொல்லிவிடு.

அக்கா


ஜனவரி 26

அக்காவுக்கு,

உன் கடிதத்தை அம்மாவுக்குப் படித்துக் காட்டவில்லை. சௌக்கியமாக இருக்கிறாளாம் என்று மட்டும் சொன்னேன்.

நான் அன்றைக்கு மன்னிப்புக் கேட்கவில்லை. இப்போதும் கேட்கப்போவதில்லை.

உனக்கு மேலேயிருந்துதான் மேடை தெரியும். குழிக்குள் நீ ஒரு நாளும் உட்கார்ந்ததில்லை. அதன் மூடி தாழ்வாக இருக்கிறது. உங்கள் முகம் எனக்குத் தெரியாது. முழங்காலுக்குக் கீழேதான் தெரியும். இத்தனை நாடகத்தையும் நான் கால்களாகத்தான் பார்த்திருக்கிறேன்.

வரி மறந்தால் கால் காட்டிக்கொடுக்கும். ஒல்லி அண்ணன் ஒரு காலால் இன்னொரு காலைச் சொறிவார். மாமாவுக்குக் குதிகால் மேலே எழும்பும், எதையோ எட்டி எடுக்கப்போகிறவர் மாதிரி. உனக்கு வலது கட்டைவிரல் உள்ளே மடங்கும். தரையைக் கிள்ளும். அது மடங்கினால் நான் முதல் சொல்லைக் கொடுப்பேன். மடங்காமல் நீ நின்றால் அது நீயாக நிற்பது. வாயைத் திறக்க மாட்டேன். இத்தனை வருஷத்தில் ஒரு முறையாவது தப்பாகக் கொடுத்திருக்கிறேனா? யோசித்துப் பார்.

அன்று உன் காலில் ஷூ.

ஓடக்காரி முதல் காட்சியிலிருந்து வெறுங்காலோடுதான் வருவாள். அன்று நகரத்து ஆள் வருகிறார் என்று அம்மாதான் நர்ஸ் அக்காவிடம் ஷூவைக் கேட்டு வாங்கினாள். "கோர்ட்டுக்குப் போறவ வெறுங்காலோடவா போவா, பாக்கறவங்க என்ன நினைப்பாங்க" என்றாள். நீயும் மாட்டிக்கொண்டு வந்து நின்றாய். நீ நின்றாய், நின்றாய், நின்றுகொண்டே இருந்தாய். எனக்குத் தெரிந்தது இரண்டு வெள்ளை ஷூ மட்டும். சுவரைப் பார்த்து ஜோசியம் சொல்ல முடியுமா?

ஒத்திகையில் ஒரு வார்த்தை, "இங்கே நான் நிற்பேன்" என்று சொல்லியிருந்தால் போதும். மேடையிலேயே தோன்றியது என்கிறாய். சரி. உனக்குத் தோன்றியது எனக்கு எப்படித் தெரியும்? நீ மறந்துபோய் நிற்கிறாய், அந்த ஆள் பார்த்துக்கொண்டிருக்கிறார், உன் வாழ்க்கையே போய்விடும் என்றுதான் எனக்குத் தோன்றியது. அதனால்தான் உரக்கச் சொன்னேன். நான் எங்காவது உரக்கப் பேசி நீ கேட்டிருக்கிறாயா?

மாமாவிடம் நீ வரவில்லை என்று சொல்லவில்லை. நீ இன்னும் யோசிக்கிறாய் என்று சொல்லியிருக்கிறேன். இது பொய்யானால் பாவம் உனக்குத்தான்.

பூனை


பிப்ரவரி 4

பூனைக்கு,

கைரேகை தெரியும், கிளி ஜோசியம் தெரியும். கட்டைவிரல் ஜோசியம் இப்போதுதான் கேள்விப்படுகிறேன். கூடத்து வாசலில் பாய் விரித்து உட்கார், நல்ல கூட்டம் வரும்.

கோபத்தில் எழுதுகிறேன் என்று நினைக்காதே. இங்கே வந்த பிறகு நிறைய யோசித்துவிட்டேன். ஷூவோ விரலோ, அதெல்லாம் போகட்டும். நான் கேட்பது வேறு. நீ எதற்காக அங்கே இருக்கிறாய்?

ஒன்பதாம் வகுப்பில் எழுந்து வாசிக்கச் சொன்னதற்கு, அழுதுகொண்டே வீட்டுக்கு வந்து, இனிப் போக மாட்டேன் என்று கதவைச் சாத்திக்கொண்டாய். உனக்கு ஒரு போக்கிடம் வேண்டும் என்று நான்தான் உன்னைக் கூட்டிப்போய் அந்தக் குழியில் உட்கார வைத்தேன். கொஞ்ச நாளைக்கு என்றுதான் நினைத்தேன். நீ அதிலேயே குடித்தனம் பண்ணுவாய் என்று நினைக்கவில்லை. பகலெல்லாம் அம்மாவோடு பட்டன் தைக்கிறாய். சாயங்காலம் குழிக்குள் இறங்குகிறாய். கைதட்டும்போது நாங்கள் குனிந்து வணங்குகிறோம். உனக்கு எங்கள் உச்சந்தலை தெரிவதோடு சரி. நாற்பது வயதிலும் அதற்குள்ளேயே இருப்பாயா?

அந்தக் கூடமும் அப்படித்தான். மழை வந்தால் ஆள் வராது. டிவியில் மேட்ச் இருந்தால் ஆள் வராது. வருகிறவர்களில் பாதிப் பேர் நம் சொந்தக்காரர்கள். டைல்ஸ் வந்தால் ஊரில் நாலு பேருக்கு வேலையாவது கிடைக்கும்.

இங்கே எல்லாம் காதுக்குள் ஒரு சின்னக் கருவி. மறந்தால் அதில் சொல்லிவிடுவார்கள், வெளியே யாருக்கும் கேட்காது. குழியும் வேண்டாம், விரலும் வேண்டாம். நீ இங்கே வந்துவிடு. ஒரு தையல் யூனிட்டில் பேசி வைக்கிறேன். என் அறையில் இன்னொரு கட்டில் போட இடம் இருக்கிறது.

நான் மார்ச் 22க்கு வர மாட்டேன். இதை மாமாவிடம் அப்படியே சொல். என் தலையில் பாவத்தை ஏற்றாதே.

அக்கா


பிப்ரவரி 13

அக்காவுக்கு,

இதை எழுதலாமா வேண்டாமா என்று இரண்டு நாளாக யோசித்தேன்.

ஒல்லி அண்ணன் போன வாரம் பஸ் சம்பந்தமான வேலையாக உன் ஊருக்கு வந்திருந்தார். பெரிய ஆஸ்பத்திரிக்கு எதிரே இறங்கி, தலைவலி மாத்திரை வாங்க உள்ளே போயிருக்கிறார். மெஷினில் டோக்கன் எடுத்தாராம். "தயவுசெய்து உங்கள் எண் வரும்வரை காத்திருக்கவும்" என்று உன் குரல் சொன்னதாம்.

நீதானா என்று தெரிந்துகொள்ள இன்னும் நாலைந்து டோக்கன் எடுத்தார். வாட்ச்மேன் வந்து பிடித்துக்கொண்டான். "என் பெண்டாட்டி குரல்ப்பா" என்றாராம். மேடைப் பெண்டாட்டி என்று அவனுக்கு எப்படிப் புரியும்? வெளியே அனுப்பிவிட்டான்.

இங்கே வந்து இதைச் சிரிக்கச் சிரிக்கத்தான் சொன்னார். சொல்லி முடித்த பிறகு யாரும் சிரிக்கவில்லை. "நல்லாத்தான் இருந்துச்சு குரல். ஆனா அவ நிக்கற மாதிரியே இல்ல. எங்கேயோ உக்காந்துட்டு சொல்ற மாதிரி இருந்துச்சு" என்றார். அம்மாவுக்கு இது தெரியாது. மாமா யாரிடமும் சொல்லக் கூடாது என்று எல்லோரையும் எச்சரித்திருக்கிறார்.

உன்னைக் குத்திக்காட்ட எழுதவில்லை. உண்மையாகச் சொன்னால் கொஞ்சம் குத்திக்காட்டத்தான். பெரிய கம்பெனி என்று எழுதியவள், என்னைப் பார்த்துக் குழியில் குடித்தனம் என்று எழுதியதால். நீயும் இப்போது முகம் தெரியாத இடத்திலிருந்துதானே பேசுகிறாய்? உன் வேலையை நான் கேவலமாக நினைக்கவில்லை. வியாதிக்காரர்களுக்கு எங்கே போக வேண்டும் என்று சொல்வது நல்ல வேலைதான். என்னுடையதையும் நீ அப்படி நினைக்கலாம் என்றுதான் சொல்கிறேன்.

எதற்காக இருக்கிறாய் என்று கேட்டாய். யாரும் என்னை அப்படிக் கேட்டதில்லை. பட்டன் தைத்துக்கொண்டே யோசித்தேன்.

ஒருவர் வாய் வெறுமையாகி நிற்கிறார். நான் ஒரு சொல் கொடுக்கிறேன், ஒன்றே ஒன்று. மிச்சத்தை அவரே சொல்லிவிடுகிறார். என்னிடமிருந்து வந்தது என்பதே ஒரு நிமிஷத்தில் அவருக்கு மறந்துவிடும். அதுதான் சரியாகக் கொடுத்ததற்கு அடையாளம். அது ஒரு வாழ்க்கைக்குப் போதுமா என்றால் எனக்குத் தெரியவில்லை. ஆனால் குழிக்குள் இருக்கும்போது நான் கூச்சப்படுகிறவள் என்பது எனக்கு நினைவுக்கே வருவதில்லை. வேறு எங்கேயும் அப்படி இல்லை. தையல் யூனிட்டில் அப்படி இருக்குமா?

சொந்தக்காரர்கள்தான் வருகிறார்கள் என்றாய். இல்லை. டிரைவர்கள் வருகிறார்கள். ஸ்கூல் டீச்சர் வருகிறார், என்னை வாசிக்கச் சொன்ன அதே டீச்சர். கடைசி பெஞ்சில் உட்கார்ந்து வாயை மூடிக்கொண்டு அழுவார். டைல்ஸ் கடைக்காரரின் அம்மாகூட வருவார். மகனுக்குத் தெரியாமல்.

நேற்று அந்தக் கடைக்காரர் மறுபடி வந்து மேடை ஓரத்தில் சாக்பீஸால் கோடு போட்டுவிட்டுப் போயிருக்கிறார். எங்கிருந்து இடிப்பது என்று. கோடு என் குழி வழியாகப் போகிறது.

நர்ஸ் அக்கா நேற்று, இந்த வேஷம் தன்னால் ஆகாது என்று சொல்லிவிட்டார்.

பூனை


பிப்ரவரி 27

அக்காவுக்கு,

பதில் இல்லை. போஸ்ட்மேன் நம் வீட்டைத் தாண்டும்போது சைக்கிள் மணியை அடிக்காமல் போகப் பழகிவிட்டார்.

ஆஸ்பத்திரி விஷயத்தை எழுதியிருக்கக் கூடாது. அது உன்னை எப்படிச் சுட்டிருக்கும் என்று கடிதத்தைப் பெட்டியில் போட்ட பிறகுதான் உறைத்தது. கையை உள்ளே விட்டு எடுக்கப் பார்த்தேன். வாய் சின்னது, முழங்கையில் சிராய்ப்புதான் மிச்சம்.

மாமா தினமும் கேட்கிறார். "என்ன சொன்னா?" இன்னும் யோசிக்கிறாள் என்கிறேன். "யோசிக்கிறாளா, நம்மளை மறந்துட்டாளா?" என்கிறார்.

எனக்குத் தெரியவில்லை. நீ பதில் எழுதாமல் இருப்பது மறதியா, மௌனமா? மறதி என்றால் நான் எடுத்துக் கொடுக்க வேண்டும். மௌனம் என்றால் வாயை மூடிக்கொண்டிருக்க வேண்டும். இங்கிருந்து உன் கால் தெரியவில்லை.

ஒரு முறை தப்பாகக் கொடுத்துவிட்டேன். இன்னொரு முறை கொடுக்க மாட்டேன். இனி நீயாக எழுதும்வரை எழுத மாட்டேன்.

பூனை


மார்ச் 10

பூனைக்கு,

வருகிறேன். 22ஆம் தேதி மதிய பஸ்ஸில். நாடகம் முடிந்ததும் அன்றைக்கே திரும்ப வேண்டும். மறுநாள் காலை ரெக்கார்டிங். லிஃப்டுக்குக் குரல் கொடுக்கிறேன். "கதவு மூடுகிறது." ஒல்லியிடம் சொல், இந்த முறை லிஃப்டில் ஏறி இறங்கி மாட்டிக்கொள்ள வேண்டாம்.

ஒத்திகைக்கு வர முடியாது. ஓடக்காரி எனக்குத் தலைகீழாகத் தெரியும்.

ஒரு நிபந்தனை. குழியில் நீ இருக்கக் கூடாது. அம்மாவையோ நர்ஸையோ உட்கார வை. யாரும் இல்லாவிட்டாலும் பரவாயில்லை. நீ அங்கே இருக்கிறாய் என்று தெரிந்தால் அந்தக் காட்சியில் என்னால் நிற்க முடியாது. உன் வாய் எப்போது திறக்கும் என்று காத்துக்கொண்டிருப்பேன்.

இதற்குச் சம்மதம் என்றால் வருகிறேன்.

அக்கா


மார்ச் 14

அக்காவுக்கு,

சம்மதம் இல்லை.

மாமா சம்மதிக்கச் சொன்னார். அம்மா சொன்னாள். ஒல்லி அண்ணன்கூட, "ஒரு நாள்தானேம்மா, விட்டுக்கொடு, கூடம் இருந்தா குழி எங்கே போயிடும்" என்றார். நான் எல்லோர் முன்னாலும் முடியாது என்று சொன்னேன். சத்தமாக. அப்பா ஏணியிலிருந்து திரும்பிப் பார்த்தார்.

ஆறு மாதமாக நீ அந்த வரிகளைச் சொல்லவில்லை. ஒத்திகையும் இல்லை. மறப்பாய். அம்மாவுக்கு நாடகம் பார்த்தால் அழுகை வரும், எடுத்துக் கொடுக்க மாட்டாள். நர்ஸ் அக்கா முழு வரியையும் வாசித்துவிடுவார். கூடம் போய்விடும்.

மேடை உன்னுடையது. அதில் நீ எப்படி வேண்டுமானாலும் நில், எவ்வளவு நேரம் வேண்டுமானாலும் நில். குழி என்னுடையது. நீதான் கொடுத்தாய். திருப்பிக் கேட்காதே.

இதனால் நீ வராமல் போனால், அந்தப் பழி என்னுடையதாகவே இருக்கட்டும். இப்போதே "இவரை" என்கிறார்கள். இன்னும் என்ன சொல்லிவிடுவார்கள்?

பூனை


மார்ச் 24

அக்காவுக்கு,

நீ என் கடிதத்துக்குப் பதில் எழுதவில்லை. நேராக வந்து இறங்கினாய். என்னைப் பார்க்காமல் ஒப்பனை அறைக்குப் போனாய். முடிந்ததும் வேஷத்தோடேயே ஓடிப் பஸ் பிடித்தாய். நீ வந்ததிலிருந்து போகும்வரை நமக்குள் ஒரு வார்த்தையும் இல்லை, நான் கொடுத்த சொற்களைத் தவிர. அதனால் நான் பார்த்ததை எழுதுகிறேன். நீ மேலே இருந்தாய், உனக்குத் தெரிந்திருக்காது.

முதல் காட்சியில் உன் கால் வந்தபோது பயத்தோடு விரலைத்தான் பார்த்தேன். வெறுங்கால். நகம் வெட்டியிருந்தாய். குதிகாலில் புதிதாக ஒரு வெடிப்பு. ஓடத்துறையில் சண்டை போடும் இடத்தில் கட்டைவிரல் மடங்கியது. கொடுத்தேன். வாங்கிக்கொண்டாய். குழந்தைக்கு ஜுரம் வரும் இடத்தில் மறுபடி மடங்கியது. கொடுத்தேன், வாங்கிக்கொண்டாய். முன்வரிசையில் இருந்த தலைவருக்குக்கூடக் கேட்டிருக்காது. அந்தக் கால் என்னிடம் பொய் சொல்லவில்லை என்று தெரிந்ததும் எனக்குப் பயம் போய்விட்டது.

பிறகு கோர்ட்டு. அம்மா மறுபடி அதே ஷூவைக் கொண்டுவந்து உனக்கு மாட்டிவிட்டதைத் திரைக்குப் பின்னால் கேட்டேன். "கோர்ட்டுக்குப் போறவ" என்று அவள் தொடங்கியது காதில் விழுந்ததும் குழி மூடியின் ஓரத்தை இறுகப் பிடித்துக்கொண்டேன். திரை தூக்கினார்கள். நீ வந்தாய். ஷூ உன் காலில் இல்லை, கையில் இருந்தது. அதைக் கூண்டுக்குப் பக்கத்தில் ஜோடியாக வைத்துவிட்டு வெறுங்காலோடு என் முன்னால் வந்து நின்றாய். கோர்ட்டுக்குள் செருப்பைக் கழற்றிவிட்டு வரும் பயந்த ஏழை என்று ஊர் நினைத்திருக்கும். நான் வேறு நினைத்தேன்.

"இந்த ஆளை உனக்குத் தெரியுமா?"

நீ பேசவில்லை.

நான் விரலைப் பார்த்தேன். மடங்கவில்லை. பலகையில் அட்டைபோல ஒட்டி இருந்தது. சரி, நிற்கிறாள் என்று நினைத்தேன். நேரம் போயிற்று. நீ பேசவில்லை. தலைவர் செருமினார். மாமாவின் குதிகால் எழும்பத் தொடங்கியது. ஒல்லி அண்ணன் காலைச் சொறிந்தார். அவர்களுக்கு நீ மறந்துவிட்டாய் என்றே தோன்றிவிட்டது. மாமா காலால் என் பக்கமாகத் தரையைத் தட்டினார். கொடு என்று. நான் கொடுக்கவில்லை. மறுபடி தட்டினார். என் சட்டைக் காலரைப் பல்லில் கடித்துக்கொண்டேன்.

பின் பெஞ்சிலிருந்து ஒருவன் கத்தினான். "ஏ இவரை! உள்ளே தூங்கிட்டியா?"

ஊரே சிரித்தது. போன முறையைவிட அதிகமாக. என் பெயரைச் சொல்லிச் சிரித்தது. அப்போதும் நான் வாயைத் திறக்கவில்லை. உன் விரல் மடங்கவில்லை, நான் ஏன் திறக்க வேண்டும்? கூடம் போனால் போகட்டும் என்றுகூட ஒரு நொடி தோன்றியது. அதை மாமாவிடம் சொல்லாதே.

சிரிப்பு அடங்கியது. அடங்கிய பிறகும் நீ கொஞ்சம் நின்றாய். பிறகு சொன்னாய். "இவரை நான் பார்த்ததே இல்லை."

அதற்குப் பிறகு யாரும் சிரிக்கவில்லை. கைதட்டவும் இல்லை. திரை விழுந்து நெடுநேரம் கழித்துத்தான் தட்டினார்கள். நீ அதற்குள் பஸ் நிலையத்துக்குப் போய்விட்டாய்.

இன்று காலை மாமா நகராட்சியிலிருந்து வந்தார். கூடம் நமக்குத்தான், இப்போதைக்கு ஒரு வருஷம். "அந்தப் பொண்ணு பேசாம நின்னாளே, அங்கதான்யா எனக்கு எங்க அக்கா ஞாபகம் வந்துச்சு" என்று தலைவர் சொன்னாராம். டைல்ஸ் கடைக்காரர் எதிர்க்கவில்லையாம். அன்று நாடகத்தில் அவர் அம்மா அவர் பக்கத்திலேயே உட்கார்ந்திருந்தார். அப்பா பேனரை அவிழ்த்து உயரமாகக் கட்டினார். இப்போது நிமிர்ந்து போகலாம்.

சாக்பீஸ் கோடு இன்னும் இருக்கிறது. நான்தான் அழிக்க வேண்டாம் என்றேன்.

அந்த மௌனத்தை ஆறு மாதத்துக்கு முன் உன்னிடமிருந்து பறித்துவிட்டேன். இந்த முறை முழுசாக உன்னிடமே கொடுத்துவிட்டேன். இப்போதாவது எழுதுவாயா?

பூனை


மார்ச் 31

பூனைக்கு,

உன் கடிதத்தை லிஃப்ட் கம்பெனி வராந்தாவில் உட்கார்ந்து படித்தேன். இரண்டாவது முறை படிக்கும்போது சிரித்துவிட்டேன். பக்கத்தில் இருந்தவர் எழுந்து வேறு நாற்காலிக்குப் போய்விட்டார்.

உனக்கு ஒன்று சொல்ல வேண்டும். வேறு யாருக்கும் சொல்லாதே, முக்கியமாகத் தலைவர் காதுக்குப் போகக் கூடாது.

ஷூவைக் கழற்றியது உனக்காகத்தான். நான் நிற்கப்போகிறேன், பார்த்துக்கொள் என்று. நினைத்தபடியே நின்றேன். அன்று கிடைத்த அதே அமைதி திரும்ப வந்தது. போதும், இனி சொல்லலாம் என்று வாயெடுத்தேன். ஒன்றும் இல்லை. எந்தச் சொல்லை ஆறு மாதமாகக் கரித்துக்கொட்டினேனோ, தூக்கத்தில் எழுப்பிக் கேட்டாலும் சொல்வேனோ, அந்த ஒரு சொல் துடைத்த பலகைபோலப் போய்விட்டது. மௌனமாகத்தான் தொடங்கியது. நடுவில் எங்கேயோ மறதி ஆகிவிட்டது.

விரல் தானாக மடங்கப் பார்த்தது. நீ எழுதியது சரிதான், அது தரையைக் கிள்ளத்தான் போகிறது. இத்தனை வருஷம் என் காலைப் பற்றி எனக்கே தெரியாததை நீ கவனித்து வைத்திருக்கிறாய். மடக்கியிருந்தால் நீ கொடுத்திருப்பாய், நானும் தப்பித்திருப்பேன். ஆனால் அந்த நேரத்தில், அந்தக் காட்சியில், உன் குரல் கேட்டிருந்தால் ஊர் என்னைப் பார்த்துச் சிரித்திருக்காது. உன்னைப் பார்த்துத்தான் சிரித்திருக்கும். பழைய கதையைத் திரும்பச் சொல்லியிருக்கும். அது இன்னொரு முறை வேண்டாம் என்று தோன்றியது. விரலைப் பலகையோடு அழுத்திப் பிடித்துக்கொண்டேன். பஸ்ஸில் திரும்பும்போது நரம்பு பிடித்து இழுத்தது.

மாமா தட்டினார். ஒல்லி சொறிந்தான். எனக்கு வியர்த்து ஊற்றியது. இன்னும் ஒரு நொடி போனால் மயங்கி விழுந்துவிடலாம் என்று இடம்கூடப் பார்த்துவிட்டேன்.

அப்போது பின் பெஞ்சிலிருந்து அந்தப் புண்ணியவான் கத்தினான். உன் பட்டப்பெயரைச் சொல்லி.

அவன்தான் எடுத்துக் கொடுத்தான்.

அக்கா